எழுத்துப் பிரதி கடைசியில்தான் வரும்: ரொபேர் லெபாஜின் மேடை, ஓர் அறிமுகம்

கனடா நாடக உலகைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தால் முதலில் கண்ணில் படும் பெயர்களில் ஒன்று ரொபேர் லெபாஜ். பிரெஞ்சு பேசும் கியூபெக் மாகாணத்தின் கியூபெக் நகரத்துக்காரர். 1957 டிசம்பரில் பிறந்தவர். தாய்மொழி பிரெஞ்சு. இயக்குநர், நடிகர், நாடகாசிரியர், திரைப்பட இயக்குநர் என்று எல்லாப் பக்கமும் அவர் பெயர் வரும். லண்டனில் ஷேக்ஸ்பியர், நியூயார்க்கில் வாக்னரின் ஓபரா, லாஸ் வேகாஸில் சர்க்கஸ், பீட்டர் கேப்ரியலின் ராக் இசைச் சுற்றுப்பயணம் என்று நீளும் பட்டியலைப் பார்த்தால் புதிதாக வருபவருக்குத் தலை சுற்றும். இவ்வளவையும் ஒரே ஆளா செய்தார், இவற்றுக்குள் என்ன தொடர்பு என்று கேட்கத் தோன்றும்.

அவர் வேலை செய்யும் முறைதான் அந்தத் தொடர்பு. அது புரிந்துவிட்டால் நாற்பது ஆண்டுகளைத் தாண்டிய அவரது மேடை வாழ்க்கையில் எது ஏன் நடந்தது என்பதும் பிடிபட்டுவிடும். வெற்றிகளோடு சறுக்கல்களும் சேர்த்துத்தான்.

வழக்கமாக ஒரு நாடகம் எப்படி உருவாகிறது? ஒருவர் எழுதுகிறார். அதை இயக்குநர் கையில் எடுக்கிறார், நடிகர்களைத் தேர்ந்தெடுக்கிறார், ஒத்திகை நடக்கிறது, ஒரு நாள் திரை விலகுகிறது. அன்றோடு நாடகம் முடிந்த பொருள். அப்புறம் நடப்பதெல்லாம் அதையே மறுபடியும் மறுபடியும் நடிப்பதுதான். சமையல் குறிப்பையும் சாமான் பட்டியலையும் கையில் வைத்துக்கொண்டு கடைக்குப் போவது மாதிரி. லெபாஜின் வழி வேறு. வீட்டில் என்ன இருக்கிறது என்று பார்த்துவிட்டு அடுப்பைப் பற்றவைப்பவர் அவர்.

ஒரு பொருளோ, ஓர் இடமோ, ஒரு பழைய புகைப்படமோ கிடைக்கிறது. நடிகர்கள் அதைச் சுற்றி உட்கார்ந்து பேசுகிறார்கள், விளையாடுகிறார்கள், முன்தயாரிப்பு இல்லாமல் நடித்துப் பார்க்கிறார்கள். அதிலிருந்து காட்சிகள் முளைக்கின்றன. அரைகுறையாக இருக்கும்போதே மக்கள் முன்னால் வைக்கிறார்கள். பார்த்தவர்கள் எங்கே சிரித்தார்கள், எங்கே நெளிந்தார்கள் என்று கவனித்து மாற்றுகிறார்கள், மறுபடி காட்டுகிறார்கள். எழுத்துப் பிரதி என்று ஒன்று நிலைபெறுவது கடைசியில்தான்.

இந்த முறையின் வேர் நாடகத்தில் இல்லை. லாரன்ஸ் ஹால்ப்ரின் என்ற அமெரிக்கர் பூங்காக்களையும் பொதுச் சதுக்கங்களையும் வடிவமைத்தவர். நடனக் கலைஞரான தன் மனைவி அன்னா ஹால்ப்ரினோடு செய்த பரிசோதனைகளிலிருந்து, பலர் கூடி ஒன்றைப் படைப்பதற்கான ஒரு நடைமுறையை 1960களில் அவர் உருவாக்கினார். ழாக் லெஸார் என்ற கியூபெக் நாடகக்காரர் அதை சான் ஃபிரான்சிஸ்கோவில் கற்று வந்து, மேடைக்கு ஏற்றபடி மாற்றி, 1980இல் தியேட்டர் ரெப்பேர் என்ற குழுவைத் தொடங்கினார். லெபாஜ் 1982இல் அதில் சேர்ந்தார்.

அந்த நடைமுறையில் நான்கு கட்டங்கள் உண்டு. முதலில் மூலப்பொருள். அடுத்து அதை வைத்து விளையாடித் தேடுவது. பிறகு கிடைத்ததை மதிப்பிட்டுத் தேவையானதை எடுப்பது. கடைசியாக மக்கள் முன் நிகழ்த்துவது. நிகழ்த்திய பிறகும் கதை முடிவதில்லை, மூலப்பொருளுக்கே திரும்பிப் போகலாம். இதில் புதியவர்கள் பிடித்துக்கொள்ள வேண்டியது முதல் கட்டத்தை. மூலப்பொருள் கையால் தொடக்கூடியதாகவோ கண்ணால் பார்க்கக்கூடியதாகவோ இருக்க வேண்டும். 'தனிமை' மூலப்பொருள் ஆகாது. தனியாக வாழும் ஒருவரின் வாசலில் கிடக்கும் ஒற்றைச் செருப்பு ஆகும். 'தனிமை' என்று சொன்னதுமே எல்லோரும் கருத்துச் சொல்ல ஆரம்பித்துவிடுவார்கள். விவாதம் வரும், நாடகம் வராது. செருப்பை நடுவில் வைத்தால் ஒருவருக்கு அப்பாவின் ஞாபகம் வரும், இன்னொருவர் அதைக் காலில் மாட்டி நடந்து பார்ப்பார், மூன்றாமவர் காதில் வைத்துத் தொலைபேசியாக்கிப் பேசுவார். கதை அங்கிருந்துதான் கிளம்புகிறது.

டாக்சி ஓட்டுநரின் மகன்

லெபாஜ் இந்த முறைக்குள் பொருந்திப் போனதற்குக் காரணம் உண்டு. அப்பா டாக்சி ஓட்டினார். வீட்டில் நான்கு பிள்ளைகள். தத்தெடுத்த மூத்தவர்கள் இருவருக்கும் ஆங்கிலம், இளையவர்கள் இருவருக்கும் பிரெஞ்சு. ஒரே கூரைக்குக் கீழே இரண்டு மொழி. பின்னாளில் அவருடைய நாடகங்களில் பாத்திரங்கள் பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் ஜப்பானியத்திலும் சீனத்திலும் பேசுவதும், ஒருவர் பேசுவது இன்னொருவருக்குப் புரியாமல் போவதுமே காட்சியாக மாறுவதும் அந்த வீட்டிலிருந்து வந்தவை என்றே எனக்குத் தோன்றுகிறது. சின்ன வயதிலேயே ஒரு நோயால் தலைமுடி முழுவதும் உதிர்ந்துவிட்டது. கூச்ச சுபாவம், பதின்வயதில் மன அழுத்தம். புவியியல் ஆசிரியராக வேண்டும் என்ற ஆசை வேறு.

1975இல் கியூபெக் நகரத்தின் நாடகக் கல்லூரியில் சேர்ந்தார். 1978இல் அதை முடித்ததும் பாரிஸில் அலன் நாப் என்பவரிடம் சிறிது காலம் பயிற்சி எடுத்தார். எழுதுவது, நடிப்பது, இயக்குவது மூன்றும் ஒரே வேலை என்பது நாப்பின் பாடம். ஊர் திரும்பிய பிறகு இன்னொரு பள்ளிக்கூடமும் கிடைத்தது: கியூபெக்கின் திடீர் நாடகப் போட்டிகள். 1977இல் மாண்ட்ரியாலில் தொடங்கிய இந்தப் போட்டிகள் அப்படியே ஐஸ் ஹாக்கி பாணியில் நடக்கும். இரண்டு அணிகள், ஜெர்சி, சுற்றிலும் தடுப்பு, நடுவர். தலைப்பு அங்கேயே கொடுக்கப்படும், அங்கேயே நடிக்க வேண்டும். 1980களில் லெபாஜ் இதில் ஆடிப் பேர் வாங்கினார். கையில் ஒன்றும் இல்லாமல் மேடையேறுவதற்கான துணிச்சல் அங்கே பழகியது.

மணல் பரப்பிய வாகன நிறுத்துமிடம்

அவரை உலகுக்குக் காட்டியது 'டிராகன்களின் முத்தொகை'. முறை எப்படி வேலை செய்கிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடையாது, அதனால் கொஞ்சம் நின்று பார்ப்போம்.

மூலப்பொருள் ஒரு வாகன நிறுத்துமிடம். கியூபெக் நகரத்தில் ஒரு காலத்தில் சிறிய சீனர் குடியிருப்பு இருந்தது. பிறகு அது இல்லாமல் போய், கார் நிறுத்தும் வெற்றிடமானது. அந்த இடத்தைத் தோண்டினால் கீழே என்ன கிடைக்கும் என்ற கேள்வியோடு ஆறு பேர் உட்கார்ந்தார்கள்: மரி ப்ராஸார், ழான் கஸோ, லொரேன் கோத்தே, மரி ஜின்யாக், மரி மிஷோ, லெபாஜ். ஆறு பேருமே எழுத்தாளர்கள், ஆறு பேருமே நடிகர்கள். மேடை முழுக்க மணல், ஓரத்தில் காவலாளியின் சின்ன அறை, ஒரு விளக்குக் கம்பம். அந்த மணலிலிருந்து எழுபத்தைந்து ஆண்டுக் கதை வெளியே வந்தது. ஜான், ஃபிரான்ஸ்வாஸ் என்ற இரண்டு சிறுமிகள் காலணி அட்டைப்பெட்டிகளை மணலில் வரிசையாக வைத்துத் தெருவும் கடைகளும் கட்டி விளையாடுகிறார்கள். ஒவ்வொரு பெட்டியைத் திறக்கும்போதும் அந்தக் கடைக்காரர் உயிர் பெற்று வருகிறார். முடிதிருத்துபவரான ஜானின் அப்பா சீட்டாட்டத்தில் மகளையே பந்தயம் வைத்துத் தோற்கிறார். அவள் ஒரு சீனரின் மகனுக்கு மனைவியாகி டொராண்டோ போகிறாள். கதை அங்கிருந்து வான்கூவர் வரை நீள்கிறது.

நடுப்பகுதியில் வரும் ஒரு காட்சியைப் பார்த்தவர்கள் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். மேடையில் ஜோடி ஜோடியாகக் காலணிகள் ஒழுங்காக அடுக்கப்பட்டிருக்கின்றன. ராணுவ உடையில் வரும் நடிகர்கள் பனிச்சறுக்குக் கத்திகள் பொருத்திய காலணிகளோடு அவற்றின் மேல் ஏறி மிதித்துச் சிதைக்கிறார்கள். துப்பாக்கிச் சத்தம் இல்லை, பிணம் இல்லை, வசனமும் இல்லை. ஆனால் இரண்டாம் உலகப் போர் மேடையில் நடந்து முடிந்துவிட்டது. இப்படி ஒரு காட்சியை மேசையில் உட்கார்ந்து எழுதிவிட முடியுமா? என்னால் நம்ப முடியவில்லை. காலணிகளையும் சறுக்குக் கத்திகளையும் கையில் வைத்துக்கொண்டு விளையாடியவர்களுக்குத்தான் இது கிடைக்கும்.

இன்னொன்றையும் கவனியுங்கள். 1985 நவம்பரில் முதல்முறை காட்டியபோது நாடகம் ஒன்றரை மணி நேரம். 1986இல் மூன்று மணி நேரம். 1987இல் மாண்ட்ரியால் நாடக விழாவில், பழைய துறைமுகத்தின் ஒரு கிடங்கில், ஆறு மணி நேரம். மூன்றும் ஒரே நாடகம், மூன்று வயதில். விழாவின் முதல் பரிசு கிடைத்தது, அப்புறம் உலகச் சுற்றுப்பயணம். பிரதி நூலாக அச்சில் வந்தது 2005இல், அதாவது நாடகம் பிறந்து இருபது ஆண்டு கழித்து!

தனி ஆளாக மேடையில்

குழு நாடகங்களுக்கு நடுவே லெபாஜ் ஓராள் நாடகங்களையும் விடாமல் செய்துவந்திருக்கிறார். 1986இல் 'வின்சி', 1991இல் 'ஊசிகளும் ஓபியமும்', 1995இல் ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட்டைத் தனி ஆளாக நடித்த 'எல்சினோர்', 2000இல் 'நிலவின் மறுபக்கம்', 2005இல் 'ஆண்டர்சன் புராஜெக்ட்', 2015இல் '887'. எழுதியவர், இயக்கியவர், நடித்தவர் எல்லாம் அவரே. நடிகர் லெபாஜைப் புரிந்துகொள்ள இவைதான் வழி.

இவற்றில் நான் முதலில் சிபாரிசு செய்வது 'நிலவின் மறுபக்கம்'. தாய் இறந்த பிறகு ஒத்துப்போகாத இரண்டு சகோதரர்கள் மிஞ்சுகிறார்கள். ஒருவன் தொலைக்காட்சியில் வானிலை சொல்பவன், வசதியாக இருக்கிறான். இன்னொருவன் முடிக்க முடியாத ஆய்வேட்டோடு போராடுபவன். அந்த ஆய்வு அமெரிக்காவும் சோவியத்தும் நடத்திய விண்வெளிப் போட்டியைப் பற்றியது. இரண்டு வல்லரசுகளின் போட்டி அப்படியே இரண்டு அண்ணன் தம்பிகளின் போட்டியாகிறது. மேடையில் ஒரு வாஷிங் மெஷின். அதன் வட்டக் கதவு துணி போடும் வாயிலாக இருக்கும், சட்டென்று விண்கலத்தின் ஜன்னலாகும், மீன் தொட்டியாகும், குழந்தை பிறந்து வரும் வழியாகவும் ஆகும். இஸ்திரிப் பலகையும் இப்படிப் பல வேடம் போடும். கடைசியில் நடிகர் தரையில் கிடந்து மெதுவாக உருள்கிறார். மேலே சாய்த்து வைத்த கண்ணாடியில் பார்க்கும் நமக்கு அவர் எடையின்றி மிதப்பதாகத் தெரிகிறது. தந்திரம் என்ன என்பதை லெபாஜ் மறைப்பதில்லை. தரையில் கிடப்பவரும் தெரிகிறார், மிதப்பவரும் தெரிகிறார். இரண்டையும் ஒரே நேரத்தில் நம்பும் சந்தோஷம் நாடகத்தில் மட்டும்தான் கிடைக்கும்.

'887' வேறு சாயல். கியூபெக் நகரத்தில் முர்ரே அவென்யூ 887ஆம் எண் அடுக்குமாடியில்தான் அவர் வளர்ந்தார். அந்தக் கட்டடத்தின் மாதிரி ஒன்றை ஆள் உயரத்துக்கு மேடையில் வைத்து, சின்னச் சின்ன ஜன்னல்களில் அண்டை வீட்டுக்காரர்களை வீடியோவில் நடமாட விட்டு, தானே தானாக நின்று கதை சொல்கிறார். ஒரு விழாவில் மிஷேல் லாலோந்தின் கவிதை ஒன்றை ஒப்பிக்க வேண்டும். பிரெஞ்சு பேசும் உழைப்பாளிகளை ஆங்கிலத்தில் பேசச் சொல்லி அதட்டிய காலத்தைப் பற்றிய கோபமான கவிதை. நடிகராக வாழ்ந்தவருக்கு அது மனதில் நிற்கவே மாட்டேன் என்கிறது. சின்ன வயது வீட்டின் தொலைபேசி எண் மட்டும் அழியாமல் இருக்கிறது. மறதி நோயால் கரைந்துபோன பாட்டி, டாக்சியில் தனியாக உட்கார்ந்திருக்கும் அப்பா, கொதித்துக்கொண்டிருந்த 1960களின் கியூபெக் எல்லாம் அந்தச் சின்ன ஜன்னல்களுக்குள் வந்துவிடுகின்றன. கடைசியில் அவர் அந்தக் கவிதையைச் சொல்லும்போது நாடகம் முழுக்க அதற்காகவே காத்திருந்தது புரியும்.

தான் படைத்த பாத்திரங்களை அவர் தானே பிடித்து வைத்துக்கொள்வதும் இல்லை. 'நிலவின் மறுபக்க'த்தை அவரிடமிருந்து ஈவ் ஜாக் ஏற்று உலகெங்கும் நடித்தார். 'ஊசிகளும் ஓபியமும்' 2013இல் சுழலும் கனசதுர மேடையோடு புதிதாக வந்தபோது நடித்தவர் மார்க் லபிரேஷ். நடிகர் மாறினால் நாடகமும் மாறும். மாறட்டும் என்பது அவர் போக்கு.

பெரிய மேடைகள், பெரிய இயந்திரங்கள்

1989 முதல் 1993 வரை ஒட்டாவாவின் தேசியக் கலை மையத்தில் பிரெஞ்சு நாடகப் பிரிவின் கலை இயக்குநராக இருந்தார். 1992இல் லண்டன் நேஷனல் தியேட்டரில் 'நடுக்கோடை இரவுக் கனவு'. அங்கே ஷேக்ஸ்பியரை இயக்கிய முதல் வட அமெரிக்கர் அவர். மேடை நடுவே குளம், சுற்றிலும் சேறு. முன்வரிசைக்காரர்களுக்கு பிளாஸ்டிக் மழைக்கோட்டு கொடுத்தார்கள்.

1994இல் கியூபெக் நகரத்தில் எக்ஸ் மாகினா என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். 1997இல் பழைய தீயணைப்பு நிலையம் ஒன்று அவர்களுடைய பட்டறையானது. நடிகர், தொழில்நுட்பக்காரர், பொம்மலாட்டக்காரர், வீடியோ செய்பவர் எல்லோரும் முதல் நாளிலிருந்தே ஒரே கூரையின் கீழ். ஒளியும் திரையும் கடைசி வாரத்தில் வந்து ஒட்டிக்கொள்வதில்லை, அவையும் மூலப்பொருள்தான். ஹிரோஷிமாவை மையமாகக் கொண்ட 'ஓட்டா ஆற்றின் ஏழு கிளைகள்' இந்த நிறுவனத்தின் முதல் பெரும் படைப்பு. 1994இல் ஸ்காட்லாந்தின் எடின்பரோ விழாவில் அரைகுறையாகக் காட்டியபோது விமர்சகர்கள் கடுமையாகவே எழுதினார்கள். இரண்டு ஆண்டு உழைப்புக்குப் பிறகு ஏழு மணி நேர நாடகமாக அது திரும்பி வந்தபோது தலைசிறந்த படைப்பு என்றார்கள்.

ஆனால் இந்த வழியில் ஆபத்தும் உண்டு. 1996இல் அதே எடின்பரோவில் 'எல்சினோர்' ரத்தானது. மேடை இயந்திரத்தில் ஒரு பாகம் பழுதாகிவிட்டது. சுழலும் அந்த அமைப்பு இல்லாமல் நாடகத்தை நடிக்க வழியே இல்லை. நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஓபராவில் 2010 முதல் 2012 வரை வாக்னரின் நான்கு ஓபராக்கள் சேர்ந்த 'ரிங்' வரிசையை அவர் இயக்கினார். 24 பலகைகள் கொண்ட, சுமார் 45 டன் எடையுள்ள ஒரு இயந்திரம்தான் அதற்கு மேடை. அதைத் தாங்க அரங்கின் தரையையே பலப்படுத்த வேண்டியிருந்தது. பலகைகள் திரும்பித் திரும்பி ஆறாகும், மலையாகும், குதிரைகளாகும். தொடக்க இரவின் உச்சக்கட்டத்தில், தேவர்கள் வானவில் பாலத்தில் ஏற வேண்டிய நேரத்தில், இயந்திரம் மக்கர் செய்தது. பாலம் அமையவில்லை. கருத்துகள் இரண்டாகப் பிரிந்தன. இரைச்சலும் ஆடம்பரமும் இசையை விழுங்கிவிட்டன என்றவர்கள் நிறைய. என்னைக் கேட்டால், அட்டைப்பெட்டியில் கிடைத்தது 45 டன்னில் கிடைக்கவில்லை. அட்டைப்பெட்டி பார்ப்பவரின் கற்பனைக்கு இடம் விட்டது. இயந்திரம் எல்லாவற்றையும் தானே செய்துகாட்டியது.

பிரமாண்டம் எப்போதும் தோற்றது என்றும் சொல்ல முடியாது. கியூபெக் நகரத்தின் 400ஆவது ஆண்டுக்கு, 2008இல், துறைமுகத்தில் இருந்த தானியக் கிடங்குகளின் சுவரையே திரையாக்கினார். 600 மீட்டர் அகலம், 30 மீட்டர் உயரம். ஊரின் வரலாறு அதில் ஓடியது. டிக்கெட் கிடையாது, யார் வேண்டுமானாலும் நின்று பார்க்கலாம்.

2018

அந்த ஆண்டைச் சொல்லாமல் லெபாஜைப் பற்றி எழுதுவது முறையல்ல. ஆப்பிரிக்க அமெரிக்க அடிமைகளின் பாடல்களை மையமாக வைத்த 'ஸ்லாவ்' நிகழ்ச்சியில் பாடியவர்களில் பெரும்பாலோர் வெள்ளையர்கள். எதிர்ப்பு கிளம்பியது. மாண்ட்ரியால் ஜாஸ் விழா சில காட்சிகளிலேயே அதை நிறுத்தியது. அதே மாதம் 'கனாட்டா' சர்ச்சை. கனடாவின் பூர்வகுடி மக்களுக்கும் வெள்ளையர்களுக்கும் இடையிலான வரலாற்றைப் பேசும் நாடகம் அது. பாரிஸின் தியேட்டர் து சொலெய் குழு நடிக்கவிருந்தது. நடிகர்களில் பூர்வகுடியினர் ஒருவர்கூட இல்லை. பூர்வகுடிக் கலைஞர்கள் பத்திரிகையில் திறந்த மடல் எழுதினார்கள், பண முதலீட்டாளர்கள் பின்வாங்கினார்கள், நாடகம் கைவிடப்பட்டு, பிறகு ஆண்டு இறுதியில் வேறு வடிவில் பாரிஸில் அரங்கேறியது.

நடிகர் என்பவர் யாராகவும் மாறலாமே, அதுதானே நடிப்பு என்று லெபாஜ் தரப்பில் வாதிட்டார்கள். பொதுவாகச் சரியான வாதம்தான். ஆனால் அவருடைய முறையை வைத்துப் பார்த்தால் அது போதவில்லை. எழுதி முடித்த பிரதியை நடிப்பவர் பாத்திரத்தை மட்டும் ஏற்கிறார். லெபாஜின் ஒத்திகை அறையில் நடிகர்தான் எழுத்தாளர். அறைக்குள் யார் இருக்கிறார்களோ அவர்களுடைய நினைவிலிருந்துதான் கதை பிறக்கும். அப்படியானால் அந்த அறையில் இல்லாதவர்களின் நினைவு கதையில் எங்கிருந்து வரும்? எதிர்த்தவர்கள் கேட்டது அவரது முறைக்குள்ளேயே இருக்கும் கேள்வி. 2018 முடிவதற்குள் 'ஸ்லாவ்' நிகழ்ச்சியை எதிர்த்தவர்களை அவர் நேரில் சந்தித்தார், தன் தரப்புத் தவறுகளைப் பொதுவெளியில் ஒப்புக்கொண்டு எழுதினார். திருத்திய வடிவம் 2019 தொடக்கத்தில் மேடையேறியது.

அதே 2019இல் கியூபெக் நகரத்தின் நடுவே அவருடைய புதிய அரங்கம் 'லெ டியமோன்' திறந்தது. 2025இல் ஒன்டாரியோவின் ஸ்ட்ராட்ஃபோர்ட் விழாவில் 'மெக்பெத்'தை 1990களின் கியூபெக் மோட்டார் சைக்கிள் கும்பல்களுக்குள் கொண்டுபோய் வைத்து இயக்கினார்.

எங்கிருந்து தொடங்குவது

நாடகம் ஊர் ஊராக வந்து சேரும் வரை காத்திருக்க முடியாதவர்கள் அவருடைய படங்களிலிருந்து ஆரம்பிக்கலாம். 1995இல் வந்த 'லெ கன்ஃபெஷனல்' முதல் படம். ஹிட்ச்காக் 1952இல் கியூபெக் நகரத்தில் படப்பிடிப்பு நடத்திய நாட்களையும் ஒரு குடும்ப ரகசியத்தையும் பின்னியது. 2003இல் 'நிலவின் மறுபக்க'த்தையும் அவரே படமாக்கினார். இரண்டு சகோதரர்களாகவும் அவரே நடித்திருக்கிறார். முதலில் இதைப் பாருங்கள். முடிந்தால் அதன் மேடை வடிவத்தின் துண்டுக் காட்சிகளையும் தேடிப் பார்த்து இரண்டையும் ஒப்பிடுங்கள். கேமரா சுலபமாகச் செய்துவிடும் ஒரு மாற்றத்தை மேடையில் ஒரு கண்ணாடியும் ஒரு மனித உடம்பும் எப்படிச் செய்கின்றன என்பது அப்போது தெரியும். பிறகு '887' உங்கள் ஊர்ப்பக்கம் வந்தால் டிக்கெட் எடுத்துவிடுங்கள்.